அந்த இரண்டு முகமும் ஒருவருடையதுதான்

வணக்கம். சுவீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் 'விண்டர் லைட்' படத்தில் வரும் கூன் விழுந்த தேவாலயப் பணியாளும், 'ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்' படத்தில் பிள்ளைகளின் அப்பாவும் ஒரே நடிகர்தானா, அவருடைய வேறு எந்தப் படத்தைப் பார்க்கலாம் என்று கேட்டிருந்தீர்கள். ஆமாம், ஒருவர்தான். பெயர் ஆலன் எட்வால். 1924இல் சுவீடனின் யாம்ட்லாந்தில் பிறந்தவர். இரண்டு படங்களுக்கும் நடுவே 19 வருடங்கள் இருப்பதால் குழம்பியது இயல்புதான்.

அந்தப் பணியாள் காட்சியை மட்டும் மறுபடி பாருங்கள். கிறிஸ்துவின் உடல்வலி சில மணி நேரம்தான், சீடர்கள் கைவிட்டதும் கடவுள் மௌனமாக இருந்ததும்தான் பெரிய வேதனை என்று பாதிரியாரிடம் தயங்கித் தயங்கிச் சொல்வார். குரலை உயர்த்தவே மாட்டார். எனக்கு அந்தப் படத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது. சில நிமிடக் காட்சிக்குள் ஒரு மனிதனின் மொத்த வாழ்க்கையும் தெரிந்துவிடும்.

அடுத்து ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியின் 'தி சாக்ரிஃபைஸ்' (1986) பாருங்கள். விளக்கமுடியாத சம்பவங்களைச் சேகரிக்கும் தபால்காரர் ஓட்டோவாக வருவார். அப்புறம், வீட்டில் குழந்தைகள் இருந்தால் 1971இல் தொடங்கிய 'எமில்' படங்கள். மகனின் சேட்டை தாங்காமல் கத்தும் அப்பா அவர்தான்! சுவீடனில் பல பேருக்கு அவர் முதலில் எமிலின் அப்பா, மற்றதெல்லாம் பிறகு. 'ரோனியா'வில் (1984) கிழட்டுக் கொள்ளைக்காரனாகவும் வருவார், அதையும் விட்டுவிடாதீர்கள். 1997இல் காலமானார்.

முதலில் 'தி சாக்ரிஃபைஸ்' பார்த்துவிட்டு எழுதுங்கள். ஓட்டோ உங்களுக்கு எப்படித் தோன்றினார் என்று தெரிந்துகொள்ள ஆசை.