டிராயிங் மாஸ்டர் பதில்கள்

போன இதழில் ஜப்பானியத் திகில் படக்கதைக்காரர் ஹிதேஷி ஹினோவைப் பற்றிப் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். வந்த கடிதங்களில் பாதி அவரைப் பற்றித்தான். ஆகவே இந்த மாதம் முழுக்க அவரே.

ஹினோ படக்கதைக்காரரா, சினிமாக்காரரா?
– கல்லூரி மாணவர், மார்த்தாண்டம்

படக்கதைக்காரர்தான், மக்கா. 1946இல் சீனாவின் வடகிழக்கிலுள்ள மஞ்சூரியாவில் பிறந்தவர். உலகப் போரில் ஜப்பான் தோற்றபின் கைக்குழந்தையான அவரோடு ஜப்பானுக்குத் தப்பி வந்த குடும்பம். 1967இல் ஜப்பானியப் படக்கதை மேதை ஒசாமு தெசுகா நடத்திய 'காம்' பத்திரிகையில் முதல் கதை வந்தது.

அவரைப் புரிந்துகொள்ள 'ஸோரோகுவின் விசித்திர நோய்' ஒன்று போதும். ஸோரோகு கிராமத்து அப்பாவி. வயல் வேலை ஓடாது, படம் வரைவதில்தான் கிறுக்கு. அவனுக்கு முகத்தில் கொப்புளம் கிளம்பி உடம்பெல்லாம் பரவுகிறது. ஊரார் அவனைக் காட்டுக் குடிசைக்குத் துரத்திவிடுகிறார்கள். அங்கே உட்கார்ந்து, தன் கொப்புளத்தைக் கீறி, வழிகிற சீழை நிறம் நிறமாகத் தொட்டு வரைகிறான். முடிவை நான் சொல்லப்போவதில்லை.

நான் படித்த பிரதி கறுப்பு வெள்ளை. ஏழு நிறச் சீழ் என்று கதை சொல்கிறது, பக்கத்தில் இருப்பதோ வெறும் மை. நிறத்தை நாமே மனசுக்குள் பூசிக்கொள்கிறோம், குமட்டல் அங்கேதான் ஆரம்பம். இன்னொன்று, ஆள்களைக் குட்டைக் கைகாலும் உருண்டைக் கண்ணுமாக, பாலர் பத்திரிகைப் பொம்மை மாதிரி வரைவார். அந்தக் கண்ணில் சீழ் வடிந்தால் எப்படியிருக்கும், நினைத்துப் பாருங்கள்.

அவர் எடுத்த படத்தை நிஜக் கொலை என்று நினைத்து ஒரு ஹாலிவுட் நடிகர் போலீசுக்குப் போனாராமே?
– வாசகர், நாகர்கோவில்

உண்மைதான். 1985இல் 'கினிப் பிக்' வீடியோ வரிசையின் இரண்டாம் படத்தை ஹினோ இயக்கினார். சாமுராய் வேடம் போட்ட ஒருவன் ஒரு பெண்ணைத் துண்டு துண்டாக வெட்டுகிறான், கதை அவ்வளவுதான். ரசிகர் ஒருவர் ஹினோவுக்கு அனுப்பிய பிலிமைப் பார்த்து மறுபடி எடுத்தது என்று ஆரம்பத்திலேயே ஒரு கட்டுக்கதையும் விடுவார்கள். 1991இல் அதைப் பார்த்த சார்லி ஷீன் நிஜம் என்றே நம்பிவிட்டார். விஷயம் அமெரிக்கப் புலனாய்வுத் துறையான எஃப்.பி.ஐ. வரை போயிற்று. கையும் காலும் எப்படிச் செய்தார்கள் என்று காட்டும் வீடியோ ஏற்கெனவே இருந்ததால், ரகசியம் எதுவும் இல்லை.

என் அபிப்பிராயம்: வேலைப்பாடு உண்டு, ஹினோ இல்லை. 1988இல் எடுத்த 'சாக்கடைக்குழிக் கடற்கன்னி'யில்தான் அவர் தெரிகிறார். சாக்கடையில் கண்ட கடற்கன்னியை ஓவியன் ஒருவன் வீட்டுக்குக் கொண்டுவருகிறான். அவள் உடம்பில் கட்டிகள் வெடிக்க, அந்தச் சீழிலேயே அவளை வரைகிறான். ஸோரோகுதான், திரும்பவும்! ஆனால் திரையில் நிறம் நிஜமாகவே வழிவதால், பெயிண்ட் டப்பா கவிழ்ந்ததுபோல்தான் எனக்குத் தெரிந்தது.

பத்தாம் வகுப்புப் படிக்கும் மகன் இவர் புத்தகம் கேட்கிறான். வாங்கிக் கொடுக்கலாமா?
– ஒரு தாய், தக்கலை

ஸோரோகுவைக் கொடுங்கள், முதலில் நீங்கள் படித்துவிட்டு. சாப்பாட்டு நேரத்தில் வேண்டாம். சினிமா வேண்டவே வேண்டாம். 'நரகத்தின் காட்சி' என்ற புத்தகம் அவன் காலேஜுக்குப் போன பிறகு. அதில் தன் ரத்தத்தையே தொட்டு வரையும் ஒரு ஓவியன் வருகிறான். தாத்தா, அப்பா, மஞ்சூரியாவில் தான் பிறந்தது என்று குடும்பக் கதையை அவன் வாயால் சொல்லவைத்திருக்கிறார் ஹினோ. எவ்வளவு நிஜம், எவ்வளவு புளுகு என்று பிரிக்கவே முடியாது. கடைசிப் பக்கத்தில் கோடாலி நம்மைப் பார்த்துப் பறந்து வரும்.

நம்ம கள்ளியங்காட்டு நீலியை ஹினோ கையில் கொடுத்தால்?
– வாசகர், பார்வதிபுரம்

அருமையான கேள்வி. வணிகனைப் பழிவாங்க, கள்ளிக்கொப்பைப் பிள்ளையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு வருவாளே பேய் நீலி, வில்லுப்பாட்டில் அந்த இடம் சட்டென்று போய்விடும். ஹினோ அங்கே பத்துப் பக்கம் உட்கார்ந்துவிடுவார். பாலுக்கு அழுகிற வாயில் முள், முதுகெல்லாம் முள், நடுவே அந்த உருண்டைக் கண். கோர உருவில் பிறந்ததால் குப்பைமேட்டில் எறியப்பட்ட சிசுவைப் பற்றி அவர் ஒரு முழுப் புத்தகமே போட்டிருக்கிறார். வணிகன் சாவதை ஓரமாக ஒரு கட்டத்தில் முடித்துவிடுவார் என்றுதான் நினைக்கிறேன். வேலை முடிந்ததும் அந்தப் பிள்ளை என்ன ஆயிற்று என்று அவர் கட்டாயம் கேட்பார். அடுத்த கோயில் கொடைக்கு வரும் வில்லுப்பாட்டுக்காரரிடம் நீங்களும் கேட்டு எழுதுங்கள்.