ஆறே பாதையாகும்போது: வாசகர் கேள்விகளும் பதில்களும்

இம்முறை மலேசியாவின் கெடா மாநில வாசகர்களிடமிருந்து, அதிலும் பீடோங், குருண், சுங்கைப் பட்டாணி வட்டாரத்திலிருந்து, ஆற்றுக்குள் நடக்கும் பயணத்தைப் பற்றிப் பல கடிதங்கள் வந்துள்ளன. எனவே இந்தப் பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: என் மகள் அமெரிக்காவில் லாஸ் வேகாஸ் நகரில் வேலை செய்கிறாள். வருகிற ஆகஸ்டு மாதம் என்னை அங்கே அழைத்திருக்கிறாள். பக்கத்து மாநிலமான யூட்டாவில், உயரமான பாறைச் சுவர்களுக்கு நடுவே ஓடும் ஆற்றுக்குள்ளேயே வழிகாட்டியோடு நடந்து போகும் பயணத்துக்குப் பணம் கட்டலாமா என்று கேட்கிறாள். எனக்கு வயது 61. தோட்டத்தில் பால்மரம் சீவி நடந்து பழகிய கால்கள்தான் என்றாலும் இப்போது முழங்கால் வலி இருக்கிறது, நீச்சலும் தெரியாது. நான் போகலாமா?
— வாசகி, பீடோங்

பதில்: போகலாம், அம்மா. ஆனால் ஆகஸ்டு மாதத்தில் வேண்டாம்.

உங்கள் மகள் சொல்வது ஸயன் தேசியப் பூங்காவில் ‘நேரோஸ்’ என்று அழைக்கப்படும் இடமாகத்தான் இருக்க வேண்டும். வெர்ஜின் ஆற்றின் வடகிளை மணற்பாறையை நெடுங்காலமாக அறுத்து அறுத்து உண்டாக்கிய இடுக்கு அது. சுவர்கள் 300 மீட்டர் வரை எழுந்து நிற்கின்றன. மிகவும் குறுகலான பகுதியில் சுவருக்கும் சுவருக்கும் நடுவே ஆறேழு மீட்டர் இடைவெளிதான் இருக்கும். பல இடங்களில் கரை என்ற ஒன்றே இல்லாததால் ஆற்று நீரில்தான் நடந்தாக வேண்டும். சாதாரண நாள்களில் தண்ணீர் முழங்கால் அளவிலும் சில இடங்களில் இடுப்பளவிலும் இருக்கும். அதைவிட ஆழமான பள்ளங்களும் இடையிடையே உண்டு.

இப்போது ஆகஸ்டு ஏன் வேண்டாம் என்று சொல்கிறேன். அந்த வட்டாரத்தில் ஜூலை நடுவிலிருந்து செப்டம்பர் வரை பிற்பகல் இடிமழைக் காலம். அங்குள்ள நிலம் பெரும்பாலும் வெறும் பாறையும் காய்ந்து இறுகிய மண்ணும் ஆகும்; அவை மழைநீரை உறிஞ்சிக்கொள்வதில்லை. பெய்த மழை அப்படியே ஓடைகளில் இறங்கி, ஓடைகள் ஒன்று சேர்ந்து, நீங்கள் நின்றுகொண்டிருக்கும் இடுக்குக்குள் பாய்ந்து வரும். மழை பெய்த இடம் பல கிலோமீட்டர் தள்ளி இருக்கலாம். நீங்கள் அண்ணாந்து பார்த்தால் தெரிகிற சிறு துண்டு வானம் நீலமாகவே இருக்கலாம்.

ஜெராய் மலையின் அடிவாரத்தில் வாழும் நமக்கு இது புதிய செய்தி அல்ல. 2021ஆம் ஆண்டு ஆகஸ்டு 18ஆம் நாள் அந்த மலையின் உச்சிப் பகுதியில் கொட்டிய மழை, மரங்களையும் பாறைகளையும் புரட்டிக்கொண்டு இறங்கி, யான் பக்கத்திலும் மெர்போக் பக்கத்திலும் உயிர்களையும் வீடுகளையும் கொண்டுபோனதை நாம் பார்த்தோம். நம் ஊரில் எல்லாரும் ‘கெப்பாலா ஆயிர்’ என்று அஞ்சுகிற அதே திடீர்ப் பெருக்குத்தான் அங்கேயும் வருகிறது. ஒரு வேறுபாடு உண்டு. நம் ஆறுகளில் பெரும்பாலும் பக்கவாட்டில் ஏறி ஓட ஒரு மேட்டு நிலமாவது இருக்கும். அந்த இடுக்கின் குறுகலான பகுதியில் ஏறுவதற்கு இடமே இல்லை.

பனி உருகும் வசந்தகாலமும் உதவாது. அப்போது ஆறு பெருகி ஓடுவதால், ஏப்ரல், மே மாதங்களில் இடுக்கு பல வாரங்கள் மூடப்பட்டே இருப்பது வழக்கம். நீரோட்டம் விநாடிக்கு 150 கன அடியை, அதாவது ஏறக்குறைய 4,200 லிட்டரைத் தாண்டினால் பூங்கா நிர்வாகம் யாரையும் உள்ளே விடாது. ஆகவே பயணத்தை ஜூன் பிற்பகுதிக்கு முன்தள்ளுங்கள். இல்லையென்றால் செப்டம்பர் கடைசிக்கும் அக்டோபர் தொடக்கத்துக்கும் இடையே வைத்துக்கொள்ளுங்கள். ஓய்வு பெற்றவர் என்பதால் பள்ளி விடுமுறையை எதிர்பார்த்திருக்க வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை.

முழங்காலைப் பற்றியும் சொல்கிறேன். இந்த இடத்தை இரண்டு விதமாக நடக்கிறார்கள். மேலே சேம்பர்லேன்ஸ் ரான்ச் என்ற இடத்தில் தொடங்கிக் கீழ்நோக்கி வருவது 26 கிலோமீட்டர். அதற்கு முன்அனுமதிச் சீட்டு வேண்டும். அது உங்களுக்கு வேண்டாம். கீழேயிருந்து மேல்நோக்கிப் போய், போன வழியே திரும்புவதுதான் உங்களுக்கு ஏற்றது. முதல் 1.6 கிலோமீட்டர் ஆற்றோரமாகத் தளம் போட்ட நடைபாதை. அது முடியும் இடத்தில்தான் தண்ணீருக்குள் இறங்குகிறோம். அங்கிருந்து பத்து நிமிடம் நடந்துவிட்டுத் திரும்பினாலும் சரி, இரண்டு மணி நேரம் நடந்துவிட்டுத் திரும்பினாலும் சரி, யாரும் கேட்கப் போவதில்லை. வலி தொடங்கிய பிறகு திரும்ப வேண்டும் என்று நினைக்காதீர்கள். வலி தொடங்குவதற்கு முன்பே திரும்பிவிடுங்கள். திரும்பி வரும் தூரமும் அதே வழுக்குக் கற்களின் மேல்தான் இருக்கிறது. நீச்சல் தெரியாதவர்கள் நெஞ்சளவுத் தண்ணீர் வரும் இடத்தை எல்லையாக வைத்துக்கொள்வது நல்லது. மகளிடம் இன்னொன்றும் சொல்லுங்கள்: லாஸ் வேகாஸிலிருந்து அங்கே போக ஏறக்குறைய மூன்று மணி நேரம் ஆகும், யூட்டாவில் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்னால் ஓடும். இதை மறந்தால் காலையில் வழிகாட்டியைத் தவறவிட்டுவிடுவீர்கள்.

கேள்வி: நானும் என் நண்பர்களும் அதே இடத்துக்குப் போகத் திட்டமிட்டிருக்கிறோம். ஆறுதான் பாதை, வழி தவற வாய்ப்பே இல்லை, வழிகாட்டி கட்டாயமும் இல்லை என்கிறார்கள். பிறகு எதற்காக வழிகாட்டிக்கு அவ்வளவு பணம் கொடுக்க வேண்டும்?
— வாசகர், சுங்கைப் பட்டாணி

பதில்: தம்பி, உங்களுக்குக் கிடைத்த தகவல் சரியானதுதான். கீழேயிருந்து நடப்பவர்களுக்கு அனுமதிச் சீட்டும் வேண்டாம், வழிகாட்டியும் கட்டாயம் அல்ல. வழியைக் காட்டுவது மட்டுமே அவருடைய வேலையாக இருந்தால் நீங்கள் அந்தப் பணத்தை மிச்சப்படுத்தலாம்.

ஆனால் அவருடைய உண்மையான வேலை, இன்று உள்ளே போகலாமா என்று முடிவு செய்வதும், போன பிறகு எந்த இடத்தில் திரும்ப வேண்டும் என்று முடிவு செய்வதும் ஆகும். அமெரிக்க வானிலைச் சேவை அந்தப் பகுதிக்குத் திடீர் வெள்ள அபாயத்தை நாள்தோறும் நான்கு படிகளாக வெளியிடுகிறது: எதிர்பார்க்கப்படவில்லை, நேரக்கூடும், நேர வாய்ப்பு அதிகம், எதிர்பார்க்கப்படுகிறது. இதை நீங்களும் படிக்கலாம். ஆனால் படித்ததை அன்றைய நீரோட்டத்தோடும், மேல்நிலத்தில் திரளும் மேகத்தோடும், உங்கள் கூட்டத்தில் மிக மெதுவாக நடப்பவரின் வேகத்தோடும் சேர்த்துப் பார்க்கத் தெரிந்தவர், அந்த ஆற்றை எல்லாப் பருவத்திலும் பார்த்தவர்தான். எந்த வளைவுக்குப் பிறகு மேட்டு நிலம் இருக்கிறது, எந்த வளைவிலிருந்து வெகுதூரம் ஏற இடமில்லை என்பதும் அவருக்குத் தெரியும்.

2015ஆம் ஆண்டு செப்டம்பர் 14ஆம் நாள் இதே பூங்காவில் கீஹோல் என்ற மற்றோர் இடுக்கில் ஏழு பேர் வெள்ளத்தில் இறந்தார்கள். அவர்களிடம் முறையான அனுமதிச் சீட்டு இருந்தது, வழிகாட்டி இல்லை. அன்று காலை அறிவிக்கப்பட்டிருந்த அபாயநிலை ‘நேர வாய்ப்பு அதிகம்’ என்பது. போவதா வேண்டாமா என்பதை அந்தச் சீட்டு அவர்களிடமே விட்டிருந்தது.

அப்படியானால் வழிகாட்டி இருந்தால் போதுமா? போதாது, இதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். 1997ஆம் ஆண்டு ஆகஸ்டு 12ஆம் நாள் அரிசோனா மாநிலத்தில் ஆன்டிலோப் இடுக்குக்குள் இருந்த பதினொரு பயணிகள் வெள்ளத்தில் அடித்துச் செல்லப்பட்டு இறந்தார்கள். மழை பெய்தது மேலே, தொலைவில். உடன் சென்றிருந்த சுற்றுலா வழிகாட்டி ஒருவர் மட்டும் உயிரோடு மீட்கப்பட்டார். வெள்ளம் இடுக்குக்குள் வந்துவிட்ட பிறகு எந்த வழிகாட்டியாலும் பெரிதாக எதுவும் செய்ய முடியாது. அவருடைய திறமை முழுவதும் அதற்கு முந்திய மணி நேரங்களில்தான் பயன்படும். அந்த இடம் நவஹோ பழங்குடி மக்களின் நிலம். இன்று அவர்களின் அங்கீகாரம் பெற்ற வழிகாட்டி இல்லாமல் அதற்குள் யாரும் நுழைய முடியாது. அடித்துச் செல்லப்பட்ட மர ஏணிகளுக்குப் பதிலாகப் பாறையில் இறுக்கிப் பொருத்திய ஏணிகள் வந்துவிட்டன.

ஆகவே பணம் கட்டுவதற்கு முன் அந்த நிறுவனத்திடம் எழுத்தில் கேளுங்கள். பூங்காவின் அனுமதி பெற்றுத் தொழில் செய்கிறார்களா? எந்த அபாயநிலை வந்தால் பயணத்தை ரத்து செய்வார்கள்? பாதி வழியில் திரும்ப நேர்ந்தால் பணத்துக்கு என்ன ஏற்பாடு? ஒரு வழிகாட்டிக்கு எத்தனை பேர்? இரண்டாவது கேள்விக்குத் தெளிவான விடை தராமல், “எங்கள் வழிகாட்டிகள் அனுபவசாலிகள், கவலைப்படாதீர்கள்” என்று மட்டும் பதில் எழுதினால் வேறு இடம் பாருங்கள்.

உங்களிடமும் ஒரு வேண்டுகோள் உண்டு. நம்மவர்கள் அவ்வளவு தொலைவு பறந்து போய், ரிங்கிட்டை டாலராக மாற்றிச் செலவழித்திருக்கும்போது, திரும்பலாம் என்று வழிகாட்டி சொன்னவுடன், “இன்னும் ஒரே ஒரு வளைவு” என்று கெஞ்சுவதை நான் பார்த்திருக்கிறேன். இளைஞர் கூட்டம் என்றால் கெஞ்சல் வற்புறுத்தலாகவே மாறிவிடுகிறது. அவர் வாயிலிருந்து அந்தச் சொல் வந்த அதே நொடியில் நீங்கள் திரும்பி நடக்க வேண்டும். நீங்கள் பணம் கொடுத்தது அந்த ஒரு சொல்லுக்காகத்தான்.

கேள்வி: தோட்டத்தில் போடும் கறுப்பு ரப்பர் காலணியையே அங்கேயும் போடலாமா? நம் மலைகளில் அதைவிட நல்ல பிடிமானம் எதிலும் இல்லை.
— வாசகர், குருண்

பதில்: ‘அடிடாஸ் கம்போங்’ என்று ஊரெல்லாம் செல்லமாக அழைக்கும் அந்தக் காலணியைப் பற்றி நீங்கள் சொல்வதை முழுமனத்தோடு ஏற்கிறேன். செம்மண் சேற்றிலும் ஈர வேர்களிலும் அதன் அடிப்பகுதி பற்றிக்கொள்வதுபோல விலையுயர்ந்த காலணிகள்கூடப் பற்றுவதில்லை. பால்மரத் தோட்டத்தில் பிறந்த காலணி இன்று மலையேறிகளின் காலில் இருப்பது நமக்குப் பெருமைதான்.

இருந்தாலும் நேரோஸுக்கு அதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அங்கே காலுக்கு அடியில் இருப்பது சேறு அல்ல. பாசி படிந்த உருண்டைக் கற்கள். கலங்கிய ஓட்டத்தில் அவை கண்ணுக்குத் தெரிவதில்லை. பெரும்பாலும் ஒரு கல்லுக்கும் அடுத்த கல்லுக்கும் நடுவே கால் சிக்கிக் கணுக்கால் திருகிக்கொள்வதே அங்கு நேரும் காயம். உங்கள் காலணிக்குக் கணுக்காலைத் தாங்கும் உயரமும் இல்லை, விரல்களைக் காக்கும் தடித்த முனையும் இல்லை. இரண்டாவது காரணம் குளிர். கோடையிலும் அந்த நீர் நமக்குப் பழக்கமில்லாத அளவுக்குக் குளிர்ந்திருக்கும், இடுக்கின் அடிக்கு வெயில் வருவதும் கொஞ்ச நேரம்தான். நம் நாட்டு வெப்பத்தில் வளர்ந்த உடல், மணிக்கணக்கில் அதில் நின்றால் நடுங்கத் தொடங்கிவிடும். நடுக்கம் வந்தால் கால் தடுமாறும்.

பூங்காவின் வாசலை ஒட்டியுள்ள ஸ்பிரிங்டேல் என்ற சிற்றூரில் ஆற்று நடைக்கென்றே செய்த காலணி, குளிர் தாங்கும் நியோப்ரீன் காலுறை, உயரமான மரக்கோல் ஆகிய மூன்றையும் ஒரு நாள் வாடகைக்குத் தருகிறார்கள். மூன்றில் ஒன்றைத்தான் எடுக்க முடியும் என்றால் கோலை எடுங்கள்; அடுத்த அடியின் ஆழத்தை அதுதான் முதலில் சொல்லும். பருத்திச் சட்டையையும் ஜீன்ஸையும் விடுதியிலேயே விட்டுவிட்டு, சீக்கிரம் உலரும் உடையைப் போட்டுக்கொள்ளுங்கள். மாற்று உடை ஒன்றை நீர் புகாத பைக்குள் வைத்து எடுத்துச் செல்லுங்கள்.

கேள்வி: அந்த ஆற்று நீரைக் குடிக்கலாமா?
— வாசகி, செமிலிங்

பதில்: கூடாது. 2020ஆம் ஆண்டு அந்த ஆற்றில் நச்சுத்தன்மை கொண்ட சயனோபாக்டீரியா என்ற நுண்ணுயிர் கண்டறியப்பட்டதிலிருந்து, குடிக்க வேண்டாம், தலையை முக்க வேண்டாம் என்று பூங்கா நிர்வாகம் எச்சரித்து வருகிறது. சாதாரண வடிகட்டிகள் அந்த நச்சை நீக்குவதில்லை. குடிநீரைக் கையோடு கொண்டுபோக வேண்டும். குழந்தைகள் கைவிரலை வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: அமெரிக்கா போகும் வசதி எங்களுக்கு இல்லை. பிள்ளைகளை இதைப் போன்ற ஓர் இடத்துக்கு உள்நாட்டிலேயே வழிகாட்டியோடு அழைத்துப் போக முடியுமா?
— வாசகர், பீடோங்

பதில்: முடியும். பேராக் மாநிலத்தில் கோப்பெங்குக்கு அருகிலுள்ள குவா தெம்புரோங்கைத்தான் முதலில் சொல்வேன். அது வான் தெரியும் இடுக்கு அல்ல, சுண்ணாம்புக் குன்றைக் குடைந்து ஆறு ஓடும் குகை. என்றாலும் இரு பாறைகளுக்கு நடுவே தண்ணீரில் நடந்தும் குனிந்தும் தவழ்ந்தும் போகும் அனுபவத்தைப் பிள்ளைகள் அங்கே பெறலாம். விளக்குப் போட்ட நடைமேடைப் பகுதி வயதானவர்களுக்கும் ஏற்றது. ஆற்று வழியாகப் போகும் பயணத்துக்கு வழிகாட்டி உடன் வருவார்; மழை நாளில் அந்த வழியைத் திறக்க மாட்டார்கள் என்பதால், பீடோங்கிலிருந்து கிளம்புவதற்கு முன் தொலைபேசியில் கேட்டுவிடுங்கள்.

ஜெராய் மலையின் ஓடைகளில் மேல்நோக்கி நடக்க நினைத்தால், காப்புக் காட்டுக்குள் செல்ல மாநில வனத்துறையின் அனுமதி வேண்டும். அனுமதி கிடைத்தாலும் காலையில் போய், பிற்பகல் மழைக்கு முன் திரும்பிவிடுங்கள். தெளிந்த நீர் திடீரென்று கலங்கினாலோ, இலையும் சுள்ளியும் கூட்டமாக மிதந்து வந்தாலோ, மேற்புறத்திலிருந்து இரைச்சல் கூடினாலோ, பையையும் செருப்பையும் தேடிக்கொண்டு நிற்காமல் பக்கத்து மேட்டில் ஏற வேண்டும் என்பதைப் பிள்ளைகளுக்கு வீட்டிலேயே சொல்லி, ஆற்றங்கரையில் இறங்கியதும் எந்த மேட்டில் ஏறுவது என்று ஒவ்வொரு பிள்ளையையும் கை நீட்டிக் காட்டச் சொல்லுங்கள்.