செத்த தாத்தாவுக்கு ஒரு களி உருண்டை

கேள்வி: ஓசூர் புறநகர் லேஅவுட் வீடு ஒன்றில் 22 நிமிட அவல நகைச்சுவை எபிசோடு எடுத்திருக்கிறோம். இறந்துபோன தாத்தா தினமும் ராத்திரிச் சாப்பாட்டுக்கு வந்து உட்காருகிறார். டிவி தானாகப் பேசுகிறது, ஹாலில் மாமரம் முளைக்கிறது. போட்டுக் காட்டினால் யாருமே சிரிக்கவில்லை, ஏன்?
- கிருஷ்ணகிரி மாவட்ட வாசகர்

பதில்: மூன்று விபரீதங்களை ஒரு வீடு தாங்காது. தாத்தாவை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். முதல் 2 நிமிடத்துக்குள் அவர் உட்கார்ந்துவிட வேண்டும். மற்றதெல்லாம் அச்சு அசல் வீடாக இருக்கட்டும். பேயைப் பார்த்து யாரும் அலறக் கூடாது. "ரேஷன் கார்டுல பேரை எடுத்தாச்சே, இவருக்கு அரிசி எங்க?" என்பதுதான் மகனின் கவலை. மருமகள் கிண்டிய களியில் ஒரு உருண்டை குறைகிறது, சண்டை அதற்குத்தான். பேய்க்கு நீங்கள் வகுத்த விதியையும் நடுவில் மாற்றாதீர்கள். களி தின்கிற தாத்தா கடைசியில் சுவருக்குள் புகுந்து போனால் பார்ப்பவருக்கு நம்பிக்கை விட்டுப்போகும்.

சிரிக்க வைக்க 'டொய்ங்' என்று பின்னணிச் சத்தம் போட்டிருந்தால் எடுத்துவிடுங்கள். அது சிரிப்பைக் கெஞ்சி வாங்குவது. குளோசப்புக்குப் பதில் மொத்தக் குடும்பமும் தெரியும் அகல ஷாட்டை, வசனம் முடிந்தபின் 3 விநாடி வெட்டாமல் விடுங்கள். சிரிப்பு அங்கேதான் வரும்.

டியூப்லைட் மினுக்குகிறதா? கேமராவில் விநாடிக்கு 25 பிரேம், ஷட்டர் வேகம் 1/50 விநாடி வையுங்கள். வசனம் பதியும்போது பிரிட்ஜை அணைத்துவிடுங்கள். வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்தால் திரும்பப் போட மறக்காது. ஆளில்லாத ஹாலின் சத்தத்தை 1 நிமிடம் தனியாகப் பதிந்தால், நெடுஞ்சாலை லாரி இரைச்சல் வெட்டுக்கு வெட்டு குதிப்பதை, அதை அடியில் ஓடவிட்டு மறைத்துவிடலாம்.