கார்ல்ஷ்டெயின்: கோட்டையும் அதன் காலடி ஊரும் – கேள்வி பதில்

செக் நாட்டுத் தலைநகர் பிராகுக்குத் தென்மேற்கே, சுமார் 30 கிலோமீட்டர் தொலைவில், பெரோன்கா ஆற்றங்கரையில் இருக்கும் சிற்றூர் கார்ல்ஷ்டெயின். அதைப் பற்றி வாசகர்கள் கேட்டவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி: இவ்வளவு சின்ன ஊரைக் கிராமம் என்று சொல்லாமல் சந்தையூர் என்கிறார்களே, ஏன்?

பதில்: செக் நாட்டில் கிராமத்துக்கும் நகரத்துக்கும் நடுவே ‘மெஸ்டிஸ்’ என்றொரு தகுதி உண்டு. சந்தை கூட்டும் உரிமை பெற்ற ஊர்களுக்கு அந்தக் காலத்தில் கிடைத்த பெருமை அது. 1954க்குப் பிறகு வழக்கொழிந்து கிடந்த இந்தத் தகுதியை 2006இல் சட்டத்தின் மூலம் மீட்டார்கள். ஆள் கணக்கு பார்த்துத் தருவதல்ல. வரலாற்றைப் பார்த்துத் தருவது.

கேள்வி: ஐயா, வணிகப் பாதையும் இல்லை, எல்லையும் இல்லை. அந்தப் பள்ளத்தாக்கில் போய் ஏன் கோட்டை கட்டினார்கள்?

பதில்: நல்ல கேள்வி, தம்பி. விடையும் அதிலேயே இருக்கிறது. 1348இல், இன்றைய செக் நாட்டுப் பகுதியான போகிமியாவை ஆண்ட நான்காம் கார்ல் மன்னர் இதற்கு அடிக்கல் நாட்டச் செய்தார். அவர் பின்னர் தலைமை ஏற்ற புனித ரோமப் பேரரசின் மணிமுடி முதலான அரச சின்னங்களையும் புனிதப் பொருள்களையும் பத்திரமாக வைப்பதற்கே இந்த இடம். சுற்றிலும் மலைகள் மறைக்க, நடுவே தனித்து நிற்கும் சுண்ணாம்புப் பாறை அதற்குத் தோதாக அமைந்தது.

கட்டடங்கள் பாறையின் சரிவோடு படிப்படியாக ஏறுகின்றன. அடியில் கிணற்றுக் கோபுரம், அதற்கு மேல் அரண்மனை, பிறகு மரியாள் கோபுரம், உச்சியில் சுமார் 60 மீட்டர் உயரப் பெரிய கோபுரம். திருச்சிலுவைச் சிற்றாலயம் அந்தப் பெரிய கோபுரத்துக்குள் இருக்கிறது. அதன் சுவரின் கீழ்ப்பகுதியில், பொன் பூசிய சாந்தில் மெருகேற்றிய மணிக்கற்களைப் பதித்திருக்கிறார்கள். அதற்கு மேலே ஓவியர் தெயோடொரிக் தீட்டிய 129 பலகை ஓவியங்கள். புனிதர்களின் கனத்த முகங்கள், பருத்த கைகள். சில உருவங்கள் படச்சட்டத்தையும் தாண்டி வழிகின்றன. ஐரோப்பாவில் இதற்கு இணையான அறை வேறொன்று இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

கேள்வி: பாறை மேல் தண்ணீருக்கு என்ன செய்தார்கள்?

பதில்: அதுதான் இந்தக் கோட்டையின் பலவீனம். சுண்ணாம்புப் பாறை தண்ணீரைத் தேக்கி வைக்காது. ஏறத்தாழ 80 மீட்டர் ஆழம் தோண்டியும் ஊற்று கிடைக்கவில்லை. கடைசியில் வெளியே ஓடிய ஓடையிலிருந்து மறைவாக ஒரு கால்வாய் வெட்டிக் கிணற்றுக்குள் நீரைத் திருப்பிவிட்டார்கள். வழி தெரிந்த எதிரி அதை அடைத்திருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். அதனால் அந்த இரகசியத்தைக் கண்ணுக்குள் வைத்துக் காத்தார்கள்.

கேள்வி: எதிரிகள் முற்றுகையிட்டதுண்டா?

பதில்: உண்டு. 1422இல், மதச் சீர்திருத்தவாதி யான் ஹுஸைப் பின்பற்றிய ஹுஸ் இயக்கப் படைகள் மாதக்கணக்கில் சூழ்ந்து நின்றன. கல்லெறி பொறிகளால் செத்த விலங்குகளையும் மலப் பீப்பாய்களையும் உள்ளே வீசின. நோயைப் பரப்பிப் பணியவைப்பதே நோக்கம். கோட்டை பணியவில்லை, நவம்பரில் படைகள் திரும்பிப் போயின.

கேள்வி: பெண்கள் உள்ளேயே வரக்கூடாது என்று மன்னர் தடை போட்டாராமே?

பதில்: கட்டுக்கதை. அரண்மனையிலேயே அரசிக்கு அறைகள் இருந்தன. சிற்றாலயம் இருக்கும் கோபுரத்தில் பெண்ணுடன் இரவு தங்கக்கூடாது என்பது மட்டுமே விதி.

கேள்வி: நான் புவியியல் மாணவி. கோட்டையைத் தவிர எனக்கு அங்கே என்ன இருக்கிறது?

பதில்: உங்களுக்குத்தான் அம்மா அதிகம் இருக்கிறது! ஆற்றங்கரையில் புத்னியானி பாறையைப் பாருங்கள். கருஞ்சாம்பல் நிறச் சுண்ணாம்பு அடுக்குகள் சாய்ந்தும் மடிந்தும் கிடக்கும். ஏறக்குறைய 42 கோடி ஆண்டுகளுக்கு முன் கடலடியாக இருந்த படிவுகள் அவை. புவியின் வரலாற்றில் சைலூரியக் காலம் முடிந்து டெவோனியக் காலம் தொடங்கும் எல்லை அந்தப் பாறையில் ஓடுகிறது. அந்த எல்லையை உலகெங்கும் ஒப்பிட்டுப் பார்க்க உதவும் அளவுகோல் இடமும் இதே வட்டாரத்தில், சுகோமஸ்டி கிராமத்தருகே உள்ள க்லோங்க் குன்றில் இருக்கிறது. 1972இல் முடிவான அதுதான், இவ்வகையில் உலகிலேயே முதலாவது. பாதுகாக்கப்பட்ட இடம் என்பதால் சுத்தியலைத் தூக்காதீர்கள். கண்ணால் பார்த்து வரைந்துகொள்ளுங்கள்.

கேள்வி: இன்று படங்களில் பார்க்கும் தோற்றம் கார்ல் காலத்தினுடையதுதானா?

பதில்: முழுவதும் அல்ல. 1887 முதல் 1899 வரை யோசெப் மோக்கர் என்ற கட்டடக் கலைஞர் கோட்டையைப் புதுப்பித்தார். செங்குத்தான கூரைகளில் அவருடைய கற்பனை தூக்கலாகவே தெரியும். அவரைக் குறை சொல்பவர்கள் நிறைய. அவர் கை வைக்காவிட்டால் எவ்வளவு மிஞ்சியிருக்கும் என்பதையும் யோசிக்க வேண்டும் என்பது என் கட்சி.

கேள்வி: ஒரே நாளில் போய்வர முடியுமா?

பதில்: தாராளமாக. பிராகிலிருந்து ரயிலில் சுமார் 40 நிமிடம். நிலையம் ஆற்றுக்கு மறுகரையில் இருப்பதால் பாலம் கடந்து மேடேற வேண்டும். அரை மணி நேர நடை. சிற்றாலயத்துக்குத் தனிச் சுற்று உண்டு. அது ஆண்டு முழுவதும் நடப்பதில்லை, ஆட்களையும் குறைவாகவே அனுமதிப்பார்கள். ஆகவே முதலில் அந்த டிக்கெட்டைப் பதிவு செய்துவிட்டு, பிறகு பயண நாளை முடிவு செய்யுங்கள்.