மட்டையை யார் வெட்டச் சொன்னது?

கேள்வி: ஐயா, பேராவூரணி பக்கம் 3 ஏக்கர் தென்னந்தோப்பு. கஜா புயலில் பாதிக்கு மேல் விழுந்துவிட்டது. 2019-ல் நெட்டை குட்டை ஒட்டுக் கன்று வைத்து, இப்போதுதான் நன்றாகக் காய் பிடிக்கிறது. தோப்பு சுத்தமாக இருக்கட்டும் என்று தை மாதம் ஆள் விட்டுப் பச்சை மட்டைகளைக் கழித்து, கீற்று முடைகிறவர்களுக்கு விற்றோம். சித்திரையிலிருந்து மரம் ஒவ்வொன்றாகப் போகிறது. தண்டில் பழுப்பாக நீர் வடிகிறது, அப்புறம் கொண்டை சாய்ந்துவிடுகிறது. இதுவரை 7 மரம். வெட்ட ஆள் கிடைக்காமல் அவை மொட்டையாக நிற்கின்றன. கடைக்காரர் சொல்லி 6 இனக்கவர்ச்சிப் பொறி வாங்கி மரங்களிலேயே கட்டினேன். கொம்பு வண்டு தினமும் விழுகிறது, ஆனால் மரம் போவது நிற்கவில்லை. ஓட்டையில் போட்டு அடைக்க மாத்திரையும் கொடுத்திருக்கிறார், இன்னும் போடவில்லை. என்ன மருந்து கொடுத்தால் நிற்கும்?

பதில்: தம்பி, நீங்கள் கேட்டது மருந்து. அதைச் சொல்கிறேன். ஆனால் கடிதத்தை இரண்டாம் தடவை படித்தபோது, பச்சை மட்டையைக் கழித்தோம் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்களே, அந்த வரியில்தான் நின்றுவிட்டேன்.

முதலில் பொறி. அதில் விழும் கொம்பு வண்டுக்குக் காண்டாமிருக வண்டு என்றும் பெயர். உங்கள் மரத்தைக் கொல்வது சிவப்புக் கூன்வண்டு. இரண்டுக்கும் கவர்ச்சி மருந்து வேறு வேறு. ஒன்றின் வாசனைக்கு மற்றது வராது. கடைக்காரர் கையில் இருந்ததைக் கொடுத்துவிட்டார். அவரைத் திட்டிப் பயனில்லை. அவர் விற்கிறவர். உறையில் எந்த வண்டு என்று எழுதியிருக்கிறது என்பதை வாங்குகிறவர்தான் படிக்க வேண்டும். 6 பொறியில் ஒன்றாவது கூன்வண்டுக்கு உரியதா என்று இன்றைக்கே பார்த்துவிடுங்கள்.

அதற்காகக் கொம்பு வண்டை விட்டுவிடலாம் என்றும் அர்த்தமில்லை. அது குருத்தைத் துளைத்துப் புண்ணாக்குகிறது. விரிந்த ஓலையில் கத்தரியால் விசிறி மாதிரி வெட்டியது போலத் தெரிவது அதன் வேலை. அந்தப் புண்ணின் வாசனைக்குத்தான் கூன்வண்டு வருகிறது. முன்னவன் கதவைத் திறந்து வைக்க, பின்னவன் உள்ளே குடியேறுகிறான்.

இப்போது அரிவாள். தை மாதம் மட்டை வெட்டினீர்கள், சித்திரையில் மரம் சாய்ந்தது. நடுவில் மூன்று மாதத்துக்குக் கொஞ்சம் மேல். கூன்வண்டு முட்டையிட்டு, புழு தண்டைத் தின்று கொழுத்து, நாரைச் சுற்றிக் கூடு கட்டி, வண்டாக வெளியே வர எவ்வளவு நாள் ஆகும் தெரியுமா? கிட்டத்தட்ட அதே மூன்று நான்கு மாதம்தான். உங்கள் கணக்கும் அதன் கணக்கும் ஒன்றாக இருக்கிறது. பெண் வண்டு ஒன்று 200, 300 முட்டை இடக்கூடியது. பச்சை மட்டையைத் தண்டோடு ஒட்ட வெட்டினால் அந்த வெட்டுவாயிலிருந்து சாறு கசியும், லேசாகப் புளிக்கும். மனுஷ மூக்குக்குத் தெரியாது. வண்டுக்கு அது பந்தி போட்டு அழைத்த மாதிரி. மரத்தில் ஏற வசதியாகப் படி கொத்துகிறார்களே, அதுவும் இதே கதைதான்.

இதை நான் புத்தகத்தில் படித்துச் சொல்லவில்லை. என் மூத்த மகள் கல்யாணத்துக்குப் பந்தல் போட, சொந்தத் தோப்பில் இருபது இளமரங்களை மொட்டையடித்தேன். விலைக்கு வாங்கினால் காசு போகுமே என்ற சிக்கனம்! ஊரே பந்தலைப் பார்த்து மெச்சியது. அடுத்த ஆடிக்குள் அதில் ஐந்து மரம் காலி. விவசாயம் படித்தவன் வீட்டிலேயே இப்படி என்று என் மாமனார் வெகுநாள் சொல்லிக் காட்டினார். அன்றிலிருந்து யார் தோப்புக்குப் போனாலும் முதலில் மட்டை அடியைத்தான் பார்க்கிறேன்.

இருபது வயதுக்குக் கீழ்ப்பட்ட மரம் என்றால் பச்சை மட்டையில் கை வைக்கவே கூடாது. ஐந்து வயதிலிருந்து இருபது வரைதான் கூன்வண்டுக்குப் பிடித்த பருவம். கஜாவுக்கு அப்புறம் டெல்டாவில் நட்ட கன்றெல்லாம் இப்போது சரியாக அந்த வாசலில் நிற்கிறது. காய்ந்து தொங்குவதைக் கையால் இழுத்தால் வரும், அதை மட்டும் எடுங்கள். வெட்டியே ஆக வேண்டும் என்றால் அடியிலிருந்து நாலடி மட்டையை விட்டு வெட்டச் சொல்லுங்கள். வெட்டுவாயில் வண்டு முட்டை வைத்தாலும், புழு அங்கிருந்து தண்டு வரை வந்து சேர்வது கடினம். மரமேறுகிறவர்கள் அசிங்கமாக இருக்கிறது என்று முனகுவார்கள், முனகட்டும். ‘சுத்தமான தோப்பு’ என்ற ஆசை நமக்கு எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை. பன்னாடையைக்கூட விடாமல் உரித்து, தண்டை மழுமழுவென்று வைத்துப் படம் எடுத்துப் போடுகிறார்கள். தென்னை என்ன தலை சீவிப் பள்ளிக்கூடம் போகவா போகிறது? ஏற்கெனவே வெட்டிய இடங்களில் தார் பூசிவிடுங்கள். கொத்திய படிகளுக்கும் அப்படியே.

சரி, மருந்துக்கு வருகிறேன். கொண்டை சாய்ந்த மரத்துக்கு மருந்தே கிடையாது. அதற்குச் செலவழிக்கிற காசு வீண். நிற்கிற மரங்களில் எது உள்ளே அரிபட்டிருக்கிறது என்று கண்டுபிடிப்பதில்தான் எல்லாம் இருக்கிறது. விடியற்காலையில், மோட்டார் போடுவதற்கு முன்னால், ஒவ்வொரு மரமாகத் தண்டில் காதை வைத்துக் கேளுங்கள். நறநறவென்று மெல்லுகிற சத்தம் கேட்டால் உள்ளே புழு இருக்கிறது. ஓட்டையில் மென்று துப்பிய நார் தள்ளியிருக்கும், பழுப்பு நீர் வடியும், கிட்டே போனால் புளித்த கள் வாடை. உள்வட்டத்து ஓலை மஞ்சளாகத் தொடங்கியிருந்தால் அவசரம். வாரம் ஒருமுறை இதைச் செய்தால் போதும். சுண்ணாம்பால் அடையாளம் போட்டுக்கொள்ளுங்கள்.

அடையாளம் போட்ட மரத்தில் முற்றினதும் இளநீருமாக எல்லாக் காயையும் முதலில் இறக்கிவிடுங்கள். தண்டில் உள்ள ஓட்டைகளில் மேலே இருப்பதை மட்டும் விட்டு, மற்றதைக் களிமண்ணோ சிமெண்டோ வைத்து அடையுங்கள். இமிடாகுளோபிரிட் 17.8 எஸ்.எல். மருந்தை லிட்டர் தண்ணீருக்கு 1 மில்லி கலந்து, மேல் ஓட்டையில் புனல் வைத்து ஒரு லிட்டர் மெதுவாக ஊற்றி, அதையும் அடைத்துவிடுங்கள். ஒரு வாரம் கழித்து மறுபடி காது வையுங்கள். சத்தம் இருந்தால் இன்னொரு தடவை. 45 நாள் அந்த மரத்து இளநீரை யாரும் குடிக்கக் கூடாது, வழிப்போக்கருக்குக் கொடுப்பது உட்பட.

அந்த மாத்திரையைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். தானியக் கிடங்கில் புகை போடுகிறவர்கள், பயிற்சி பெற்றவர்கள் கையாள வேண்டிய சரக்கு அது. ஒரு காலத்தில் தென்னைக்கும் சிபாரிசு செய்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் அதிலிருந்து வருகிற வாயு வண்டுக்கும் மனுஷனுக்கும் வித்தியாசம் பார்க்காது. குழந்தைகள் ஓடி விளையாடுகிற வீட்டில் அந்த டப்பா இருப்பதே தப்பு. அதேபோல மட்டை இடுக்கில் போரேட் குருணை வைக்கச் சொன்னால் கேட்காதீர்கள். 2020 கடைசி நாளோடு அது நாட்டிலேயே தடையாகிவிட்டது. கடையின் பின்பக்கத்திலிருந்து ‘பழைய சரக்கு, பவர் ஜாஸ்தி’ என்று ஒன்று வந்தால், வாங்காமல் வெளியே வந்துவிடுங்கள்.

பொறியைக் கழற்றி வரப்போரம் கொண்டு போங்கள். மரத்தில் கட்டினால் வருகிற வண்டில் பாதி வாளியில் விழும், மீதி அந்த மரத்திலேயே இறங்கும். விருந்துக்கு அழைத்துவிட்டு வீட்டுத் திண்ணையில் உட்காரவைத்த கதை. கூன்வண்டுப் பொறி உங்கள் அளவுக்கு ஒன்றே போதும். நாலடி உயரக் கம்பில், நிழலில் வையுங்கள். வாளிக்கு வெளியே சாக்கு சுற்றியிருக்க வேண்டும், அதைப் பிடித்துத்தான் வண்டு ஏறி ஓட்டைக்குள் போகும். உள்ளே தண்ணீரில் கொஞ்சம் சோப்புத்தூள், நறுக்கிய வாழைப்பழமோ அன்னாசியோ. வாரம் ஒருமுறை மாற்றாவிட்டால் அது வெறும் நாற்ற வாளி. பக்கத்துத் தோப்புக்காரர்களும் ஆளுக்கொன்று வைத்தால்தான் முழுப் பலன். நீங்கள் ஒருவர் மட்டும் வைத்தால் ஊர் வண்டுக்கெல்லாம் நீங்கள்தான் அன்னதானம்.

கொம்பு வண்டு தினமும் விழுகிறது என்றால் அது பிறக்கிற இடம் பக்கத்திலேயே இருக்கிறது. உங்கள் எருக்குழியைக் கிளறிப் பாருங்கள். அரைவட்டமாகச் சுருண்ட, கால் உள்ள வெள்ளைப் புழு கிடைக்கும். தண்டுக்குள் இருக்கும் கூன்வண்டுப் புழுவுக்குக் காலே இருக்காது, குழப்பிக்கொள்ளாதீர்கள். எருவைப் புரட்டிக் கோழியை விட்டால் பாதி வேலை முடியும். மீதிக்கு மெட்டாரைசியம் என்ற பச்சைப் பூஞ்சைக் கலவையை, எரு ஈரமாக இருக்கும்போது ஊற்றுங்கள். மரத்தில் குருத்தை ஒட்டிய மூன்று மட்டை இடுக்கில், வேப்பங்கொட்டைத் தூள் ஒரு பங்கு மணல் இரண்டு பங்கு கலந்து மரத்துக்கு 150 கிராம் போடலாம். துளைக்குள் உட்கார்ந்திருக்கும் வண்டைக் கொக்கிக் கம்பியால் குத்தி எடுப்பது பழைய முறை, இன்றைக்கும் அதற்கு ஈடில்லை.

‘இது வெளிநாட்டு வண்டா ஐயா’ என்று போனில் கேட்பவர்கள் உண்டு. தலைகீழ். இரண்டும் நம் பக்கத்து வண்டுகள்தான். காண்டாமிருக வண்டு 1909 வாக்கில் இலங்கையிலிருந்து போன ரப்பர் கன்றோடு சமோவா தீவுக்குப் போய், பசிபிக் தீவுகளின் தென்னையைப் படாதபாடு படுத்தியது. கூன்வண்டு 1980-களில் வளைகுடாவின் பேரீச்சைக்குப் போனது, அங்கிருந்து எகிப்து, ஸ்பெயின், இத்தாலி. போன ஊரிலெல்லாம் ஒழிக்கப் பார்க்கிறார்கள். நமக்கு அது முடியாது, ஆதிகாலத்துக் குடித்தனக்காரன். எண்ணிக்கை ஏறாமல் பார்த்துக்கொள்வதுதான் நம் வேலை.

அதற்கு இந்த வாரமே செய்ய வேண்டியது, மொட்டையாக நிற்கும் அந்த 7 மரம். ஒவ்வொன்றுக்குள்ளும் அடுத்த தலைமுறை வண்டு கூட்டுக்குள் தூங்குகிறது. ஆள் கூலி அதிகம் என்று தள்ளிப்போட்டால் அந்தக் கூலியை நிற்கிற மரங்களிலிருந்து கொடுப்பீர்கள். சாய்த்து, துண்டு போட்டு, கொண்டைப் பகுதியைப் பிளந்து எரியுங்கள். வரப்போரம் உருட்டி விடாதீர்கள், மட்கும் தண்டில் கொம்பு வண்டு முட்டை வைக்கும். அடிக்கட்டையையும் தோண்டி எடுத்த பிறகுதான் அந்தக் குழியில் புதுக் கன்று. சாய்க்க வருகிற ஆளிடம் ஒரு வார்த்தை: அரிவாள் அந்த 7 மரத்துக்கு மட்டும், பக்கத்து மரத்தில் ஒரு மட்டைகூட வேண்டாம்.