ஆனந்த் ஐந்து முறை சாம்பியனா, நான்கு முறையா?

செஸ் வீரர் விஸ்வநாதன் ஆனந்த் எத்தனை முறை உலக சாம்பியன் என்று உங்கள் மகளின் பேச்சுக்காகக் கேட்டிருந்தீர்கள்; ஐந்து என்றே எழுதச் சொல்லுங்கள். அவள் தப்பாகப் படிக்கவில்லை. 2000-இல் உலக சாம்பியன் ஆனந்தா, ரஷ்ய வீரர் கிராம்னிக்கா என்று அவளுக்கு வந்த குழப்பம் நியாயமானதுதான். அந்த வருடம் இரண்டு பேருமே சாம்பியன்கள்.

1993-இல் அப்போதைய உலக சாம்பியன் காஸ்பரோவும் அவரோடு மோதவிருந்த நைஜல் ஷார்ட்டும் ஃபிடேயை (உலக செஸ் கூட்டமைப்பை) விட்டு வெளியேறித் தனியாக ஆடினார்கள். அதிலிருந்து பட்டம் இரண்டாகப் பிரிந்தது. 2000-இல் லண்டனில் காஸ்பரோவை வென்று கிராம்னிக் ஒரு பட்டத்தை எடுத்தார். இன்னொரு பட்டத்துக்கான ஃபிடேயின் நாக்-அவுட் போட்டி (தோற்றவர் வெளியேறும் முறை) டெல்லியில் நடந்தது, இறுதிச் சுற்று மட்டும் டெஹ்ரானில். அங்கே ஷிரோவை 3.5–0.5 என்று ஆனந்த் வென்றார். பட்டங்கள் ஒன்றானது 2006-இல்தான். அதனால்தான் சிலர் 2000-ஐக் கணக்கில் சேர்ப்பதில்லை. எனக்கு அது அநியாயமாகப் படுகிறது.

மற்ற நான்கில் சர்ச்சையே இல்லை: 2007-இல் மெக்சிகோவில் நடந்த போட்டியில் வென்றார்; 2008-இல் கிராம்னிக்கையும், 2010-இல் டோபலோவையும், 2012-இல் கெல்ஃபாண்டையும் வென்றார்.

பேச்சில் ஒரு கதை வேண்டுமென்றால் 2010-ஐ எடுக்கச் சொல்லுங்கள். ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் விமானங்கள் ரத்து. ஃபிராங்க்ஃபர்ட்டிலிருந்து போட்டி நடந்த பல்கேரியாவின் சோஃபியாவுக்கு ஆனந்த் கிட்டத்தட்ட 40 மணி நேரம் சாலை வழியாகவே போனார். களைப்போ என்னவோ, முதல் ஆட்டத்திலேயே தோல்வி. அப்புறம் கடைசி 12-வது ஆட்டத்தில் கறுப்புக் காய்களோடு ஜெயித்துப் பட்டத்தைத் தக்கவைத்தார். எதிராளி டோபலோவுக்கு அது சொந்த நாடு வேறு!

இன்னொன்று, 'இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் (செஸ் வீரர்களுக்கான மிக உயர்ந்த தகுதிப் பட்டம்), 1988' என்பது ஆனந்த். 1961-இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் (அதற்கு ஒரு படி கீழான பட்டம்) ஆனவர் மானுவேல் ஆரோன். இந்த இரண்டையும் பலர் மாற்றிச் சொல்லிவிடுகிறார்கள்.