முட்டையை எத்தனையாவது மணியில் உடைப்பது?

கேள்வி: அரசு மேல்நிலைப் பள்ளியில் உயிரியல் கற்பிக்கிறேன். முதுகெலும்பிகளின் கருவளர்ச்சியைப் படத்தில் காட்டிச் சலித்துப்போய், சிறிய இன்குபேட்டரில் 12 நாட்டுக்கோழி முட்டைகளை வைத்து, நாளுக்கு ஒன்றாக மாணவர்கள் முன் உடைத்தேன். முதல் நாள் ஒன்றும் தெரியவில்லை. இரண்டாம் நாள் நூல் போல ஏதோ இருந்தது. மூன்றாம் நாள் சிவப்பாக ஒரு புள்ளி துடித்தது, வகுப்பே கூச்சலிட்டது. இன்னொரு முட்டையில் வெறும் ரத்த வளையம். ஐந்தாம் நாள் பெரிய கண்ணுடன் தலை மட்டும் இருப்பதுபோல் ஓர் உருவம். “இதயம்தான் முதலில் உருவாகிறதா?”, “தலை ஏன் இவ்வளவு பெரிது?”, “எந்தப் பக்கம் தலை வர வேண்டும் என்று அதற்கு எப்படித் தெரியும்?”, “இது மீனா?” என்று கேள்விகள் குவிந்துவிட்டன. அடுத்த முறை எப்படிச் செய்யலாம், என்ன பதில் சொல்லலாம்?

பதில்: நாளுக்கு ஒரு முட்டை என்று வைத்ததுதான் தவறு. கோழிக்குஞ்சு வெளிவர 21 நாட்கள் ஆகின்றன என்றாலும், உடலின் அமைப்பு தீர்மானமாவது ஏறத்தாழ 6ஆவது மணியிலிருந்து 72ஆவது மணிக்குள். அதற்குப் பின் நடப்பது பெரும்பாலும் வளர்ச்சியும் மெருகும். ஐந்தாம் நாள் உடைத்துப் பார்ப்பவர், கதை முடிந்தபின் கொட்டகைக்குள் நுழைகிறவர். அடுத்த முறை 24, 36, 48, 72 மணி என நான்கு வயதில் முட்டைகளைத் தயார்செய்து, நான்கையும் ஒரே வகுப்பில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள்.

முதலில் ஒரு சொற்குழப்பத்தைத் தீர்த்துவிட வேண்டும். தமிழில் மஞ்சள் கரு, வெள்ளைக் கரு என்கிறோம்; இரண்டுமே கரு இல்லை, சாப்பாடு. உண்மையான கரு, மஞ்சளின் மேல் மிதக்கும் மூன்று நான்கு மில்லிமீட்டர் வெள்ளைப் பொட்டு. முட்டை இடப்படும்போதே அதில் பல்லாயிரம் செல்கள் இருக்கும். ஏனெனில் கோழியின் வயிற்றுக்குள்ளேயே அது ஒரு நாள் வளர்ந்துவிட்டது. வெளியே வந்து குளிர்ந்ததும் வளர்ச்சி நின்று, மீண்டும் சூடு கிடைக்கும்வரை காத்திருக்கிறது. கருவுற்ற பொட்டு ஓரம் வெளுத்து, நடுவில் தெளிவாக, வளையம்போல் தெரியும். கருவுறாத முட்டையில் அது சிறிய, ஒழுங்கற்ற வெள்ளைத் திட்டு. கடையில் வாங்கும் நாமக்கல் பண்ணை முட்டையைச் சேவலே பார்த்திருக்காது. எத்தனை நாள் அடைவைத்தாலும் அது கூமுட்டைதான். ஒப்பீட்டுக்கு அதிலும் ஒன்றை உடைத்துக் காட்டுங்கள்.

எந்தப் பக்கம் தலை என்ற கேள்விக்கான பதில் மிக அழகானது. ஓடு உருவாகும் அறையில் முட்டை ஏறத்தாழ 20 மணி நேரம் தங்குகிறது. அங்கே மணிக்கு 10, 12 முறை தன் நீள அச்சில் உருள்கிறது. அந்த உருட்டலில் கருப்பொட்டு மட்டமாக நிற்க முடியாமல் சாய்ந்தே இருக்கிறது. மேலே தூக்கி நிற்கும் ஓரம் வால் பக்கமாகிறது. அதாவது தலையும் வாலும் எங்கே என்பதைப் புவியீர்ப்பு முடிவுசெய்துவிடுகிறது. இதை மாணவர்களே சோதிக்கலாம். முட்டையின் தடித்த முனை உங்கள் இடக்கைப் பக்கம் வருமாறு கிடத்துங்கள். பெரும்பாலான முட்டைகளில் கருவின் தலை உங்களிடமிருந்து விலகி எதிர்ப்பக்கம் நோக்கியும், வால் உங்களை நோக்கியும் இருக்கும். இதைக் கண்டுசொன்னவர் 19ஆம் நூற்றாண்டின் கருவியல் அறிஞர் கார்ல் எர்ன்ஸ்ட் வான் பேயர். உடைக்கும் முன் தலை எங்கே என்று வகுப்பில் பந்தயம் கட்டச் சொல்லுங்கள். நான் கல்லூரியில் நடத்தியபோது பின்வரிசை மாணவர்கள்கூட எழுந்து வந்த வகுப்பு அதுதான்.

சூடு ஏறிய ஆறேழு மணி நேரத்தில், வால் ஓரத்தில் செல்கள் குவிந்து ஒரு கீற்று தோன்றுகிறது. 18, 19ஆவது மணியில் அது பொட்டின் தெளிவான நடுப்பகுதியில் பாதியைத் தாண்டி நீண்டுவிடும். மேற்பரப்புச் செல்கள் இந்தக் கீற்றின் வழியே, வாய்க்காலில் நீர் இறங்குவதுபோல், உள்ளே இறங்குகின்றன. அடியில் போய்ப் பரவுபவை அக அடுக்கு. குடலும் நுரையீரலும் அதிலிருந்து. இடையில் தங்குபவை நடு அடுக்கு. தசை, எலும்பு, இதயம், ரத்தம். மேலேயே நின்றுவிடுபவை புற அடுக்கு. தோல், மூளை, தண்டுவடம். ஆக, ஒரு செல் என்ன ஆகப்போகிறது என்பது பெரும்பாலும் அது எப்போது, எந்த இடத்தில் உள்ளே இறங்கியது என்பதைப் பொறுத்தது.

கீற்றின் முன்முனையில் ஒரு சிறிய முடிச்சு இருக்கும். அதை எடுத்து வேறொரு கருவின் ஓரத்தில் ஒட்டினால், அங்கே இரண்டாவது உடலச்சு ஒன்று உருவாகிறது. இந்த ஆற்றலை முதலில் காட்டியது நியூட் என்னும் வாலுள்ள நீர்நில வாழ்வியில். ஜெர்மனியின் ஃப்ரைபர்க் நகரில் ஹில்டே மாங்கோல்டும் அவருடைய ஆசிரியர் ஹான்ஸ் ஸ்பேமானும் அந்த ஆய்வை 1924இல் வெளியிட்டார்கள். வெளிர் நிற இனத்தின் துண்டை நிறமுள்ள இனத்தில் ஒட்டினார்கள். தோன்றிய இரண்டாவது உடலின் பெரும்பகுதி நிறமுள்ள செல்களால் ஆனது! ஒட்டிய துண்டு தானே வளரவில்லை. அக்கம்பக்கத்துச் செல்களை வேலை வாங்கியிருக்கிறது. ஸ்பேமானுக்கு 1935இல் நோபல் பரிசு கிடைத்தது. மாங்கோல்ட் 1924ஆம் ஆண்டிலேயே தீவிபத்தில் இறந்துவிட்டார். இருபதுகளின் நடுவில்தான் இருந்தார். பாடத்தில் ஸ்பேமான் பெயர் மட்டும் வந்தால், இவர் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

இப்போது தலை விஷயம். கீற்று முழு நீளத்தை எட்டியபின் அந்த முடிச்சு பின்வாங்கத் தொடங்குகிறது. பாய் முடைபவர் முடைந்துகொண்டே பின்னால் நகர்வதுபோல, அது நகர நகர முன்னால் தலையும், கழுத்தும், முதுகும் வரிசையாக உருப்பெறுகின்றன. அதனால் ஒரே கருவில் தலைப்பக்கம் மூத்தது, வால்பக்கம் இளையது. 36 மணிக் கருவைக் கைலென்ஸில் பாருங்கள்: முன்னால் மூளையின் புடைப்புகள் தெளிவாக இருக்கும், பின்கோடியில் இன்னும் கீற்றே மிச்சமிருக்கும். ஐந்தாம் நாள் தலை பெரிதாகத் தெரிவதற்கு முதற்காரணம் இந்த முன்தொடக்கம்தான். பறவைகளின் பெரிய கண்ணும் அதனுடன் சேர்ந்துகொள்கிறது.

தலைக்குப் பின்னால், நடுக்கோட்டின் இருபுறமும் சோளமணிகளை அடுக்கியதுபோல் இணை இணையாகக் கட்டிகள் தெரியும். இவை சோமைட்டுகள். பின்னாளில் முதுகெலும்பும் விலா எலும்பும் முதுகுத் தசையும் இவற்றிலிருந்து வருகின்றன. கோழியில் முதல் இணை 24 மணியை ஒட்டித் தோன்றும். அதன்பின் ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஓர் இணை. 36 மணியில் 10 இணைகளை ஒட்டியும், 48 மணியில் 19 இணைகளை ஒட்டியும் எண்ணலாம். கருவின் உண்மையான வயது உங்கள் கடிகாரத்தில் இல்லை, இந்த எண்ணிக்கையில் இருக்கிறது. ஆய்வாளர்களும் அப்படித்தான் செய்கிறார்கள். ஹாம்பர்கரும் ஹாமில்டனும் 1951இல் வெளியிட்ட 46 நிலைகள் கொண்ட அட்டவணை, தொடக்க நாட்களுக்குச் சோமைட் எண்ணிக்கையையே பெரிதும் நம்புகிறது. மீன், சுண்டெலி, மனிதர் என எல்லா முதுகெலும்பிகளிலும் இதே அடுக்கல் உண்டு, வேகம்தான் வேறு: ஸீப்ரா மீனில் அரை மணிக்கு ஒன்று, சுண்டெலியில் 2 மணிக்கு ஒன்று. தாளம் போடுவது யார்? செல்களுக்குள்ளேயே மரபணுக்கள் ஏறி இறங்கித் துடிக்கும் ஒரு கடிகாரம். கோழிக் கருவில் அதை 1997இல் ஒலிவியே பூர்க்கியேயின் குழு காட்டியது. ஒவ்வொரு சோமைட்டும் கழுத்தாவதா, மார்பாவதா என்பதை ஹாக்ஸ் மரபணுக்கள் இடத்துக்கேற்பக் குறிக்கின்றன. கோழிக்குக் கழுத்து முள்ளெலும்பு 14, சுண்டெலிக்கு 7. இரண்டிலும் ஒரே ஹாக்ஸ் மரபணுவின் எல்லை கழுத்து முடிந்து மார்பு தொடங்கும் இடத்தில்தான் வருகிறது. எத்தனையாவது சோமைட்டில் வருகிறது என்பதுதான் வேறுபடுகிறது.

இதயம் முதலில் உருவாகிறதா? இல்லை, முதலில் கண்ணில் படுகிறது, அவ்வளவுதான். மூளையும் தண்டுவடமும் ஆகப்போகும் நரம்புக்குழல் மடியத் தொடங்கி, சில சோமைட்டுகளும் வந்தபின்தான் இரு பக்கத்துக் குழல்கள் நடுவில் இணைந்து இதயமாகி, 33 முதல் 38 மணிக்குள் துடிக்கத் தொடங்குகின்றன. ஆனால் நரம்புக்குழல் கண்ணாடிபோல் இருக்கிறது, ரத்தம் சிவப்பாக இருக்கிறது. உங்கள் மாணவர்கள் வெட்கப்பட வேண்டாம்: முட்டைகளை வரிசையாக உடைத்துப் பார்த்த அரிஸ்டாட்டிலும், மூன்றாம் நாள் துடிக்கும் ரத்தப் புள்ளியைக் கண்டு இதயமே முதல் உறுப்பு என்று முடிவுகட்டினார். அப்போது அவரிடம் லென்ஸ் இல்லை.

மூன்றாம் நாள் உருவம் ஒருக்களித்துக் கிடப்பதையும் கவனிக்கச் சொல்லுங்கள். இரண்டாம் நாளில் தலை திரும்பத் தொடங்கி, கரு இடப்பக்கம் மஞ்சளில் பட, வலக்கண் நம்மைப் பார்க்கக் கிடக்கும். இதயக் குழலும் வலப்பக்கம்தான் வளையும். இடம் எது வலம் எது என்பது அதே முடிச்சின் இருபுறமும் வெவ்வேறு மரபணுக்கள் விழிப்பதால் முடிவாகிறது.

“இது மீனா?” என்று கேட்ட பிள்ளைக்குத் தனிப் பாராட்டு. 72 மணிக் கருவில் தலைக்கடியில் தெரியும் மடிப்புகளைக் கண்டு கேட்டிருக்க வேண்டும். அவை தொண்டை வளைவுகள். மீனில் செவுளைத் தாங்குவதும், நம்மில் தாடை, நடுச்செவியின் சிற்றெலும்புகள், குரல்வளைக் குருத்தெலும்பு ஆவதும் ஒரே வகை வளைவுகள்தான். கோழிக் கரு மீனாக வாழ்ந்துவிட்டுக் கோழியாக மாறுவதில்லை. பெயர்ச்சீட்டு ஒட்ட மறந்த இரண்டு கருக்களைப் பார்த்து, இவை பல்லியா, பறவையா, பாலூட்டியா என்று சொல்ல முடியவில்லை என வான் பேயரே எழுதியிருக்கிறார், ஒற்றுமை அவ்வளவு. ஆனால் ஜெர்மன் விலங்கியலாளர் எர்ன்ஸ்ட் ஹெக்கல் 1874இல் வரைந்த, இன்றும் சில நூல்களில் தலைகாட்டும் ஒப்பீட்டுப் படத்தில் அந்த ஒற்றுமை மிகைப்படுத்தப்பட்டிருக்கிறது. உங்கள் வகுப்புச் சுவரில் அது தொங்கினால் கழற்றிவிடுங்கள்.

செய்முறைக்கு வருவோம். ஒரு வாரத்துக்கு மேல் பழையதல்லாத, அடைக்கோழி உட்காராத முட்டையாகக் கேட்டு வாங்குங்கள். அது ஏற்கெனவே உட்கார்ந்திருந்தால் உங்கள் மணிக்கணக்கு பாழ். வெப்பம் 37.5 டிகிரி செல்சியஸ். குளிர்ந்த முட்டை சூடேற நான்கு மணி நேரம் கூட்டிக்கொள்ளுங்கள். வெள்ளிக்கிழமை காலை 10 மணிக்கு வகுப்பென்றால், 72 மணி முட்டைகளைச் செவ்வாய் காலை 6 மணிக்கும், 48 மணி முட்டைகளைப் புதன் காலை 6 மணிக்கும், 36 மணி முட்டைகளைப் புதன் மாலை 6 மணிக்கும், 24 மணி முட்டைகளை வியாழன் காலை 6 மணிக்கும் வையுங்கள். ஒவ்வொன்றிலும் மூன்று வையுங்கள், ஒன்றாவது ஏமாற்றும். ஓட்டில் பென்சிலால் நேரத்தை எழுதுங்கள்.

உடைக்கும் முன் முட்டையை அரை மணி நேரம் கிடையாக அசையாமல் வைத்தால் கரு தானாகவே மேலே வந்து நிற்கும். ஒரு லிட்டர் நீருக்கு 7 கிராம் உப்புக் கரைத்து, வெதுவெதுப்பாகக் கிண்ணத்தில் ஊற்றி, முட்டையைத் தண்ணீருக்கடியில் வைத்து மெதுவாக உடைத்து இறக்குங்கள். வடிதாளில் ஐந்து ரூபாய் நாணய அளவு துளை வெட்டி, கரு துளைக்குள் வருமாறு மேலே படிய வையுங்கள். தாள் படலத்தில் ஒட்டிக்கொள்ளும். தாளைச் சுற்றிக் கத்தரித்து, இடுக்கியால் தூக்கி, அதே உப்புநீர் உள்ள கண்ணாடித் தட்டில் போட்டு, அடியில் கறுப்புத் தாள் வையுங்கள். முதல் நாள் உங்களுக்கு ஒன்றும் தெரியாமல் போனதற்குக் காரணம் கறுப்புப் பின்னணி இல்லாததுதான். வெள்ளைமேல் வெள்ளை எப்படித் தெரியும்? நீர் சூடாக இருக்கும்வரை 36 மணி இதயமும் துடித்துக்கொண்டிருக்கும்.

நான்கு நாளுக்கு மேல் வளர்க்க வேண்டாம். பார்க்க வேண்டியது அதற்குள் முடிந்துவிடுகிறது. மீந்த முட்டைகளை உடனே ஃப்ரீஸரில் வைத்துவிடுங்கள். எல்லோரும் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். முட்டை ஓட்டில் சால்மொனெல்லா இருக்கலாம்.

அந்த ரத்த வளையம், இரண்டாம் மூன்றாம் நாளில் இறந்த கருவின் அடையாளம். ரத்தம், மஞ்சளின் மேல் படர்ந்த ரத்தக்குழாய் வலையின் ஓரத்துக்கு ஒதுங்கிவிடுகிறது. பழைய முட்டையாலும் வரலாம். ஆனால் சிறிய இன்குபேட்டரில் நான் முதலில் சந்தேகப்படுவது அதிக வெப்பத்தை. சிறிது நேர மின்வெட்டைக் கரு பொறுத்துக்கொள்ளும், 40 டிகிரியைப் பொறுக்காது. பெட்டியில் காட்டும் எண்ணை நம்பாமல், முட்டைகளுக்கு நடுவில் தனியாக ஒரு வெப்பமானியைக் கிடத்தி, முட்டை வைப்பதற்கு முன் ஒரு நாள் வெறும் பெட்டியை ஓடவிட்டுப் பாருங்கள்.